கேம் குவியலை ரகம் பிரிப்போம்!

பேரணாம்பட்டு தோல் தொழிற்சாலைகளில் தோலைத் தரம் பார்த்து, ரகம் பிரித்துத்தான் அடுக்குவாங்க. கணினியில் குவிந்து கிடக்கும் வீடியோ கேம்களுக்கும் அதே வழிதான்.

1. ஒரே பட்டியல்: ஸ்டீம், எபிக், ஜிஓஜி எனப் பல தளங்களில் வாங்கிய கேம்களை, பிளேநைட் என்ற இலவச விண்டோஸ் மென்பொருள் ஒரே இடத்தில் காட்டும். இருக்கும் கேமையே மறந்துபோய் மறுபடி வாங்கும் செலவு மிச்சம்.

2. பிரிவுகள்: ஸ்டீமில் 'கலெக்‌ஷன்' உருவாக்கி, 'ஆடுறது', 'முடிச்சது', 'அப்புறம் பார்க்கலாம்' என்று பிரியுங்க. மூன்று பிரிவு போதும்.

3. இடம்: டிஸ்க் நிரம்பிவிட்டதா? முடித்த கேமை அன்இன்ஸ்டால் செய்யுங்க. வாங்கிய கேம் உங்கள் கணக்கில் இருக்கும், பிறகு இறக்கிக்கொள்ளலாம். ஆனால், எல்லா கேமும் சேவ் ஃபைலை கிளவுடில் வைப்பதில்லை. முதலில் அதை பென்டிரைவில் காப்பி எடுத்துடுங்க. ஜிஓஜி கேம்களின் ஆஃப்லைன் இன்ஸ்டாலரையும் தனி ஹார்டு டிஸ்க்கில் வைத்துக்கொள்ளலாம்.

4. பூட்டு: நாம் வாங்குவது கேமை அல்ல, ஆடும் உரிமத்தை மட்டுமே. 2024 முதல் ஸ்டீம் இதை வாங்கும் இடத்திலேயே சொல்கிறது. கணக்கு கைமாறினால் மொத்தமும் போச்சு! எனவே 'ஸ்டீம் கார்ட்' என்ற இரண்டடுக்குப் பாதுகாப்பைப் போனில் இயக்குங்க. 'இலவச கேம்' என்று வாட்ஸ்அப்பில் வரும் லிங்கில் பாஸ்வேர்டு போடாதீங்க. ஓடிபியை யாரிடமும் சொல்லாதீங்க.

மோசடியில் பணம் போனால் தயங்காமல் உடனே 1930-க்கு அழையுங்கள். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ, பணத்தை முடக்கி மீட்கும் வாய்ப்பும் அவ்வளவு அதிகம்.