பள்ளிக்கு வந்த பிரிட்டிஷ் கணிப்பொறி

பழவங்காடியில் பழைய மின் கருவிகள் விற்கும் கடையொன்றில், மேல் வரிசையில் சிவப்பு விசைகள் கொண்ட வெளிர்பழுப்பு நிறக் கணிப்பொறி ஒன்றைச் சென்ற ஆண்டு கண்டேன். பி.பி.சி. மைக்ரோ என்பது அதன் பெயர். நான் பயின்ற பள்ளியிலும் இது இருந்தது. பெரும்பாலும் பூட்டிய அறையில்.

கேம்பிரிட்ஜ் நகரின் ஏகார்ன் நிறுவனம் 1981 டிசம்பரில் இதனை வெளியிட்டது. 32 கிலோபைட் நினைவகம் கொண்ட 'பி' வகையின் விலை விரைவில் 399 பவுனாக உயர்ந்தது. அக்காலத்தில் இது மலிவான கருவியன்று. ஆயினும் 15 லட்சத்துக்கு மேல் விற்பனையாயிற்று. காரணம் கருவியின் திறன் மட்டுமன்று. 1982 ஜனவரியில் பி.பி.சி. தொலைக்காட்சி கணிப்பொறிப் பாடத்தொடரைத் தொடங்கியது. பள்ளிகள் வாங்கிய கருவிக்குப் பாதி விலையை அந்நாட்டு அரசு ஏற்றது. பாடம், மானியம், கருவி ஆகிய மூன்றும் ஒருசேரச் சென்றன.

நம் நாட்டில் மின்னணுத் துறையும் கல்வி அமைச்சகமும் 1984-85இல் 'கிளாஸ்' திட்டத்தைத் தொடங்கி, ஏறத்தாழ 250 பள்ளிகளுக்கு இக்கருவியையே வழங்கின. 42 உயர்கல்வி நிறுவனங்கள் ஆதார மையங்களாயின. செமிகண்டக்டர் காம்ப்ளக்ஸ் நிறுவனம் 'யூனிகார்ன்' என்ற பெயரில் இதனை இங்கேயே தயாரித்தது. ஆனால் கருவி கடல் கடந்ததைப் போல அதனைச் சூழ்ந்த ஏற்பாடுகள் கடக்கவில்லை. வீடுதோறும் தொலைக்காட்சி இல்லை. பாடம் ஆங்கிலத்தில் இருந்தது. எங்கள் பள்ளியில் பயிற்சி பெற்ற ஆசிரியர் மாற்றலாகிச் சென்றார். அத்துடன் வகுப்பு நின்றது.

நாம் வாங்கத் தொடங்கிய வேளையில் தயாரிப்பாளரே தள்ளாடிக் கொண்டிருந்தார் என்பதுதான் பொருளாதார மாணவர் கவனிக்க வேண்டியது. 1983 கிறிஸ்துமஸ் பருவத்தில், மலிவு வகையான 'எலெக்ட்ரான்' தேவைக்கேற்பக் கிடைக்கவில்லை. 1984இல் சரக்கு குவிந்தபோது சந்தை சரிந்திருந்தது. 1985இல் இத்தாலியின் ஒலிவெட்டி நிறுவனம் ஏகார்னின் பங்குகளை வாங்கிக் கட்டுப்பாட்டைப் பெற்றது. அலுவலகங்களோ ஐ.பி.எம். வகைக்கு மாறின. அதற்கென எழுதிய நிரல் இதில் ஓடாது. இதில் ஓடும் நிரல் அதில் ஓடாது. எனவே பள்ளியிலிருந்த கருவி பழுதாகும் முன்பே பயனிழந்தது. நிறுவனத்தின் அறிவு மட்டும் அழியவில்லை: அதே 1985இல் அதன் பொறியாளர்கள் வடிவமைத்த 'ஆர்ம்' சில்லின் வழித்தோன்றல்களே இன்றைய கைப்பேசிகளில் இயங்குகின்றன.

2001இல் கேரள அரசு 'ஐ.டி. அட் ஸ்கூல்' திட்டத்தை வகுத்தபோது வழி வேறாயிருந்தது. பள்ளி ஆசிரியர்களுக்கே பெருமளவில் பயிற்சி தரப்பட்டது. பின்னர் எந்தத் தனி நிறுவனத்தையும் சாராத கட்டற்ற மென்பொருளுக்குப் பள்ளிகள் மாறின. மலையாளத்திலேயே பாடநூலும் வந்தது.