பணம் போயிடுச்சா? கூகுள்ல நம்பர் தேடாதீங்க!

ராத்திரி 11 மணி. நீங்க செய்யாத ஒரு டெபிட்டுக்கு எஸ்எம்எஸ் வருது. பதற்றத்துல கூகுள்ல கஸ்டமர் கேர் நம்பர் தேடினா, அங்கேயும் போலி நம்பரோட ஒருத்தன் காத்திருப்பான்.

வாடிக்கையாளரை இப்படித் தேட விடக் கூடாது, வந்த எஸ்எம்எஸ்ஸுக்கே 'ரிப்ளை' பண்ணிப் புகார் சொல்ல வழி இருக்கணும்னு ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6 சுற்றறிக்கையிலேயே சொல்லிடுச்சு.

அதே விதிப்படி, நீங்களே ஓடிபி சொல்லி ஏமாந்திருந்தா, புகார் பண்ற வரைக்குமான நஷ்டம் உங்களோடது. அதுக்கப்புறம் போறது வங்கியோட பொறுப்பு. அதனால வெட்கப்பட்டு காலையில பாத்துக்கலாம்னு தள்ளிப் போடாதீங்க.

இப்பவே கார்டு பின்னாடி இருக்கிற நம்பரையும், சைபர் குற்ற உதவி எண் 1930-ஐயும் போன்ல சேவ் பண்ணுங்க. புகார் சொன்னதும் புகார் எண்ணைக் கேட்டு, நேரத்தோட குறிச்சு வைங்க. நாளைக்கு உங்க ஆதாரம் அதுதான்.