கேள்வி கேட்காத கேமரா

முன்பெல்லாம் சினிமாக் கொட்டகையில் படம் தொடங்குமுன் செய்திப் படம் போடுவார்கள். நினைவிருக்கிறதா? வெள்ளமோ அணைக்கட்டோ திரையில் தெரியும். பின்னால் ஒரு குரல் விளக்கம் சொல்லும். இசையும் வரும்.

இந்தக் குரலும் இசையும் இல்லாமல் உண்மைப் படங்கள் எடுத்தவர் பிரெடரிக் வைஸ்மேன். அமெரிக்காவில் பாஸ்டன் நகரில் 1930-இல் பிறந்தார். சட்டம் படித்தவர்.

ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம், அரசு அலுவலகம் என்று ஓர் இடத்தைத் தேர்ந்தெடுப்பார். அனுமதி வாங்கிக்கொண்டு பல வாரங்கள் அங்கே படம் பிடிப்பார். கேமராவை வேறொருவர் இயக்குவார். பேச்சையும் சத்தத்தையும் வைஸ்மேனே பதிவு செய்வார். யாரையும் பேட்டி காண மாட்டார். "இப்படி நில்லுங்கள், அப்படிப் பேசுங்கள்" என்று சொல்ல மாட்டார். பிறகு பல மாதங்கள் உட்கார்ந்து வேண்டாததை வெட்டுவார். எதை வைப்பது, எதை விடுவது என்பது அவர் முடிவு. அதனால், 'உள்ளதை அப்படியே காட்டும் படம்' என்று சொன்னால் அது பாதி உண்மைதான்.

1975-இல் 'வெல்ஃபேர்' என்ற படம் வந்தது. நியூயார்க்கில் ஏழைகளுக்கு உதவித்தொகை தரும் அலுவலகம் அதில் வருகிறது. இந்தக் காகிதம் இல்லை, அந்த அறைக்குப் போ, நாளைக்கு வா! பணக்கார நாட்டிலும் இதே அலைச்சல்தான்.

அவர் இயக்கிய முதல் படம்தான் பெரிய வழக்கில் சிக்கியது. மாசசூசெட்ஸ் மாநிலத்தில் பிரிட்ஜ்வாட்டர் என்ற ஊரில், மனநோய் உள்ள கைதிகளுக்கு ஓர் அரசு மருத்துவமனை இருந்தது. 1966-இல் வைஸ்மேன் அங்கே படம் பிடித்தார். உடம்பில் துணியில்லாமல் வெற்று அறையில் அடைபட்ட மனிதர்கள். அவர்களைச் சீண்டும் காவலர்கள். சாப்பிடாத ஒருவருக்கு மூக்கில் குழாய் விட்டு உணவு ஊற்றும் மருத்துவர். எல்லாம் படத்தில் இருந்தன.

1967-இல் 'டிடிகட் ஃபாலீஸ்' என்ற பெயரில் படம் வெளிவந்தது. நோயாளிகளின் மானம் போகிறது என்று மாநில அரசு நீதிமன்றம் போனது. உள்ளே நடப்பது மக்களுக்குத் தெரிய வேண்டும் என்றார் வைஸ்மேன்.

அரசு சொன்னதைத் தள்ளிவிட முடியாது. சம்மதம் கேட்டால் புரிந்து பதில் சொல்லும் நிலையில் பலர் இல்லை. ஆனால் அவர்களைத் துணியில்லாமல் வைத்திருந்ததும் அதே அரசின் மருத்துவமனைதானே?

மருத்துவர், வழக்கறிஞர், மாணவர் போன்றவர்கள் மட்டும் பார்க்கலாம் என்று 1969-இல் தீர்ப்பு வந்தது. எல்லோரும் பார்க்க 1991-இல்தான் அனுமதி கிடைத்தது. அதற்குள் படத்தில் இருந்த நோயாளிகளில் பலர் இறந்துவிட்டார்கள்.