பீலிக்கரையே போதும்

இரண்டு பிள்ளை பெற்றபின் வயிறெல்லாம் கோடு. பீலியில் விழும் தண்ணீரில் மற்றப் பெண்களோடு குளித்து உடுப்பு மாற்றவே கூசுகிறது. வெளிநாட்டில் உடுப்பில்லாமல் கூடியிருப்பவர்களுக்கு இந்தக் கூச்சம் போய்விடுமாமே, உண்மையா?
– ஒரு வாசகி, ஹல்துமுல்லை

பெருமளவு உண்மைதான், சகோதரி. லண்டன் உளவியலாளர் கியோன் வெஸ்ட் 2017இல் வெளியிட்ட ஆய்வில் 849 பிரித்தானியரிடம் கேட்டுப் பார்த்தார். அப்படிக் கூடுகிறவர்களுக்குத் தங்கள் உடம்பின் மீதும் வாழ்க்கை மீதும் திருப்தி கூடுதலாக இருந்தது. விளம்பரத்தில் வராத வயிறுகளையும் தழும்புகளையும் நேரில் பார்த்துவிடுகிறார்கள் அல்லவா! நம் பக்கத்துக்கும் இப்படி உடுப்பில்லாமல் கூடுவது புதிதல்ல. 1891இலேயே பம்பாய்க்கருகே தாணேயில் ஓர் ஆங்கிலேய நீதிபதி இதற்கென்று சங்கம் வைத்தார். உறுப்பினர் மொத்தம் மூன்று பேர்.

இலங்கையில் வெட்டவெளியில் முயன்றால் பொலிஸ்தான் வரும். உங்களுக்கு அது தேவையுமில்லை. பீலியில் நெஞ்சுக்கு மேலே துணி கட்டி நிற்கும் தாய்மாரில் அநேகருக்கு உங்களுடைய அதே கோடுகள்தான். கர்ப்பத்தில் தோல் இழுபட்டு வருபவை அவை. நாளாக வெளிறும், முழுதாக மறையாது. கிரீமுக்குக் காசைக் கொட்டாதீர்கள். வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டு, கண்ணாடி முன் அவசரமில்லாமல் உங்களைப் பார்த்துப் பழகுங்கள். நாளைக்கே துவாயை எடுத்துக்கொண்டு பீலிக்கும் போங்கள்.