முதலில் பட்டறை, பிறகு தோலாவீரா

கட்ச் சுற்றுலா நிறுவனங்களின் நிகழ்ச்சி நிரல்களை நாலைந்து வாங்கிப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். எல்லாவற்றிலும் வெள்ளை ரண் என்ற உப்பு வெளிதான் கதாநாயகன். ஹரப்பா கால ஊரான தோலாவீராவுக்கு ஒரு பகல், அதிலும் பாதி வேனில் போய்விடும். கைவினைக் கிராமங்களோ போகிற வழியில் அரை அரை மணி நேரமாக, 'ஷாப்பிங்' என்ற தலைப்பின் கீழ்.

நாங்கள் போன குழுவின் கைடு இந்த வரிசையைத் தலைகீழாக்கி வைத்திருந்தார். கிராமங்கள் முதலில், தோலாவீரா கடைசியில், ரண் இடையில் ஒரே ஒரு மாலை. புஜ் நகரில் வேன் கிளம்பும்போதே காரணத்தைச் சொல்லிவிட்டார்: "கல் எங்கேயும் ஓடிப்போகாது. அதற்கு முன்னால் கண்ணைப் பழக்கிக்கொள்ளுங்கள்."

அவர் சொன்னது எவ்வளவு சரி என்பது தோலாவீராவில் நின்றபோது தெரிந்தது. ஹம்பியையும் மாமல்லபுரத்தையும் பார்த்துப் பழகிய நமக்கு ஹரப்பா கால ஊர் என்பது முதல் பார்வையில் ஏமாற்றம்தான். கோபுரம் கிடையாது, சிற்பம் கிடையாது, கதை சொல்லும் சுவர் கிடையாது. கல் வரிசைகளும் பள்ளங்களும்தான். ஆனால் அங்கே வாழ்ந்தவர்களில் பலர் மணி கோத்தவர்கள், செம்பு உருக்கியவர்கள், சங்கு அறுத்தவர்கள், கல் இழைத்தவர்கள். கைத்தொழில் நடக்கிற இடங்களில் சில நாள் உட்கார்ந்துவிட்டு வருகிறவருக்கு அந்த ஊர் பேசும். நேராகப் போகிறவருக்கு வெயில் மட்டும்தான்.

அந்தப் பயணத்தில் கற்றுக்கொண்டவற்றை, போகப்போகிறவர்களுக்கு உதவும் என்பதால் இங்கே எழுதுகிறேன்.

காலமும் கிழமையும்

நவம்பர் முதல் பிப்ரவரி வரைதான் கட்ச் போகத் தோதான காலம். பகலில் வெயில் காயும், இரவில் குளிர் எலும்பைத் தொடும். ஸ்வெட்டரும் தொப்பியும் இரண்டுமே வேண்டும். 45,000 சதுர கிலோமீட்டருக்கு மேல் பரந்த, இந்தியாவின் மிகப் பெரிய மாவட்டம் இது. வரைபடத்தில் பக்கமாகத் தெரிகிற ஊருக்கும் இரண்டு மணி நேரம் ஆகலாம். ஒரு நாளைக்கு இரண்டு இடத்துக்கு மேல் திட்டம் போடாதீர்கள்.

கிழமை பார்ப்பதும் முக்கியம். அஜ்ரக் என்ற அச்சுத் துணியைச் செய்யும் கத்ரி சமூகத்தினர் முஸ்லிம்கள். வெள்ளிக்கிழமை தொழுகை நாள், பட்டறை அரைகுறையாகத்தான் நடக்கும். புஜோடியின் வணகர் சமூக நெசவாளர்கள் இந்துக்கள், அங்கே வெள்ளியன்று தறி ஓடும். தொல்லியல் துறை அருங்காட்சியகங்கள் பெரும்பாலும் வெள்ளிக்கிழமை மூடியிருக்கும். ஆகவே வெள்ளியைப் புஜோடிக்கு வைத்துக்கொண்டால் ஒரு நாளும் வீணாகாது.

அஜ்ரக்பூர்: காலையிலேயே போய்விடுங்கள்

புஜ்ஜிலிருந்து கிழக்கே சுமார் 15 கிலோமீட்டர். இந்த ஊருக்கு வயது கால் நூற்றாண்டுக்குக் கொஞ்சம் கூடக்குறைய. ஆனால் இங்கே நடக்கிற அஜ்ரக் தொழில் பல நூற்றாண்டுப் பழமை. சிந்துவிலிருந்து வந்த கத்ரிகள் தமட்கா என்ற ஊரில் தலைமுறை தலைமுறையாக இதைச் செய்துவந்தார்கள். 2001 ஜனவரி 26 பூகம்பம் தமட்காவைத் தரைமட்டமாக்கியது. வீடு போனதோடு நிற்கவில்லை. நிலத்தடி நீரில் இரும்பு கூடிவிட்டது. பல குடும்பங்கள் நல்ல தண்ணீர் தேடி இங்கே வந்து புது ஊர் அமைத்தன. சிலர் இன்னும் தமட்காவிலேயே இருக்கிறார்கள்.

தண்ணீரில் இரும்பு இருந்தால் துணிக்கு என்ன என்று எனக்கு முதலில் விளங்கவில்லை. வேலையைப் பார்த்த பிறகு விளங்கியது. துணியை ஒட்டகச் சாணம், விளக்கெண்ணெய், சோடா கலந்த கரைசலில் ஊறப்போட்டு, அலசி, கடுக்காய்ச் சாற்றில் தோய்க்கிறார்கள். சுண்ணாம்பும் பிசினும் கலந்து கோடுகளை அச்சிடுகிறார்கள். அந்த இடத்தில் சாயம் ஏறாது. கறுப்புக்கு, இரும்புத் துண்டுகளை வெல்லத்தோடு நாள்கணக்கில் புளிக்கவைத்த நீரைப் புளியங்கொட்டை மாவால் கெட்டியாக்கி அச்சிடுகிறார்கள். சிவப்புக்குப் படிகாரம். பிறகு அவுரித் தொட்டியில் முக்கி, அலசி, சாயக் கொப்பரையில் கொதிக்கவிடும்போதுதான் படிகாரம் பட்ட இடமெல்லாம் சிவந்து எழும். அதுவரை அச்சடிக்கிறவர் சிவப்பைப் பார்ப்பதே இல்லை, மனக்கணக்கில் அடிக்கிறார். கடுக்காய் ஊறிய துணியில் இரும்பு பட்டால் கறுக்கும். கறுப்பு பிடிப்பதே அப்படித்தான். அலசுகிற தண்ணீரிலேயே இரும்பு இருந்தால் துணி முழுவதும் மங்கிப்போகும். இத்தனை குடும்பங்கள் இடம்பெயர்ந்ததற்கான காரணம் ஒரு கொப்பரைக்குள் இருக்கிறது.

எல்லா வேலையும் ஒரே நாளில் நடக்காது. போனவுடன் "இன்றைக்கு எந்த வேலை நடக்கிறது?" என்று கேளுங்கள். விலை கேட்பதைவிட இந்தக் கேள்விக்கு முகம் மலர்கிறது. அலசலும் அவுரியில் முக்குவதும் நடக்கிற காலை கிடைத்தால் அதிர்ஷ்டம். ஈரத் துணியைத் தொடாதீர்கள், அச்சு மேசையில் சாயாதீர்கள். அதே ஊரில் ஸ்ருஜன் அமைப்பு நடத்தும் எல்.எல்.டி.சி. அருங்காட்சியகத்தில் கட்ச் எம்பிராய்டரி வகைகளை ஒரே கூரையின் கீழ் பார்க்கலாம். அதற்கு மதிய நேரத்தை ஒதுக்குங்கள்.

நிரோனாவும் புஜோடியும்

நிரோனா கிராமத்தில் மூன்று தொழில்கள். ரோகன் ஓவியத்துக்கு விளக்கெண்ணெயை இரண்டு நாள் காய்ச்சிப் பிசுபிசுவென்று ஆக்கி, வண்ணம் சேர்க்கிறார்கள். உள்ளங்கையில் அந்தக் களிம்பை வைத்து, உலோகக் குச்சியால் நூல்போல் இழுத்துத் துணிமேல் விடுகிறார்கள். குச்சி துணியைத் தொடுவதே இல்லை. பாதி வரைந்து துணியை மடித்தால் மறுபாதி தானாகப் பதிகிறது. இந்தக் கலையைக் காத்த குடும்பத்தைச் சேர்ந்த அப்துல் கஃபூர் கத்ரிக்கு 2019-இல் பத்மஸ்ரீ கிடைத்தது. 2014-இல் பிரதமர் மோடி, அமெரிக்க அதிபர் ஒபாமாவுக்குக் கொடுத்த பரிசுகளில் ஒரு ரோகன் ஓவியமும் உண்டு.

அடுத்தது மணி. 'செம்பு மணி' என்று விற்றாலும் உடல் இரும்புத் தகடுதான். பழைய தகட்டை வெட்டி, வெல்டிங் இல்லாமல் மடித்து இணைத்து, செம்புத் தூள் பூசி, மண்ணால் பொதிந்து உலையில் சுடுகிறார்கள். ஆறிய பிறகு விளிம்பைத் தட்டித் தட்டி, காதால் கேட்டே சுருதி சேர்க்கிறார் லோஹார் சமூகக் கொல்லர். கால்நடைக்குக் கட்டுகிற மணி இது. மந்தை எங்கே மேய்கிறது என்று இடையருக்கு ஓசை சொல்ல வேண்டும். வாங்குகிறவர்கள் பளபளப்பைப் பார்க்காமல் நாலைந்தை அடித்துக் கேட்டு எடுங்கள். மூன்றாவது, அரக்குக் கடைசல்: வில்லும் கயிறும் கொண்டு கையாலேயே மரத்தைச் சுழற்றி, அரக்கு வண்ணத்தை உரசி ஏற்றுகிறார்கள் வாடா சமூகத்தினர்.

புஜோடி, புஜ்ஜுக்குப் பக்கத்திலேயே. குழித்தறியில் உட்கார்ந்து, பாவுக்கு நடுவே கூடுதல் ஊடை நூலை விரலால் கோத்துப் பூ எடுக்கிறார்கள். காஞ்சிபுரமோ நெகமமோ பார்த்தவர்கள் இங்கே இன்னும் கூர்மையாகக் கேள்வி கேட்பார்கள். எங்கள் குழுவில் தறி தெரிந்த ஒரு அக்காதான் எல்லோரையும்விட அதிக நேரம் உட்கார்ந்தார். மழையை மட்டும் நம்பி விளையும் காலா பருத்தியைப் பற்றிக் கேளுங்கள். பூகம்பத்துக்குப் பிறகு தொடங்கிய கமீர் என்ற அமைப்பு, அருகே குக்மாவில் இருந்துகொண்டு, அதை மறுபடி தறிக்குக் கொண்டுவந்தது.

வாங்கும்போது

அசல் அஜ்ரக்கா என்று பார்க்க, துணியைத் திருப்புங்கள். சாயத்தில் முக்கியது பின்புறமும் ஊறியிருக்கும். ஸ்கிரீன் பிரிண்ட் முன்பக்கத்தோடு நின்றுவிடும். அச்சுக்கட்டைகள் சேருகிற இடத்தில் மயிரிழை விலகலோ ஒட்டலோ தெரியும். ஒரு பிசிறும் இல்லாமல் இருந்தால் சந்தேகப்படுங்கள்.

பட்டறையில் தெருக்கடை பேரம் பேசாதீர்கள். விலை கட்டுப்படவில்லை என்றால் சின்னதாக ஒன்று வாங்குங்கள், அல்லது வாங்காமல் வாருங்கள். பார்த்ததற்காக வாங்கியே ஆக வேண்டும் என்று யாரும் நிர்ப்பந்திக்கவில்லை. கைடு கூட்டிப்போகிற எல்லாக் கடையும் பட்டறை அல்ல. ஒரு இடத்தில் தறி ஓரமாகத் தூசி படிந்து நின்றது, கடை மட்டும் விளக்குப் போட்டு மின்னியது. அந்த மாதிரி இடத்தில் தேநீர் குடித்துவிட்டு நன்றி சொல்லிக் கிளம்பலாம்.

பெண்களைப் படம் எடுக்கும் முன் கேளுங்கள். பன்னி புல்வெளிக் கிராமங்களில் இது இன்னும் முக்கியம். ஆண்களை 'பாய்', பெண்களை 'பென்' என்று பெயரோடு சேர்த்துக் கூப்பிட்டால் பாதி தூரம் குறைந்துவிடும்.

தோலாவீராவில் ஓர் இரவு

காவ்டா என்ற ஊரிலிருந்து ரண்ணின் குறுக்கே போட்டிருக்கும் சாலையில் போனோம். இரு பக்கமும் உப்பு வெளி, நடுவில் கோடு போட்டதுபோல் சாலை. புறப்படும் முன் எரிபொருள் நிரப்பி, ரொக்கம் கையில் வைத்துக்கொள்ளுங்கள். செல்போன் சிக்னல் வரும், போகும்.

1960-களின் பிற்பகுதியில் தொல்லியல் துறையின் ஜே.பி. ஜோஷி இந்த இடத்தை அடையாளம் கண்டார். 1990-ஐ ஒட்டி ஆர்.எஸ். பிஷ்ட் தலைமையில் தொடங்கிய அகழாய்வு 2005 வரை நீண்டது. 2021-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னம். சுமார் கி.மு. 3000 முதல் 1500 வரை மக்கள் வாழ்ந்த நகரம்.

இங்கே உள்ளூர் கைடு ஒருவரைத் தனியாக அமர்த்துங்கள். அகழாய்வில் கூலிக்கு வேலை செய்தவர்களும் அவர்கள் வீட்டுப் பிள்ளைகளும் அந்த ஊரில் இருக்கிறார்கள். எந்தக் குழியில் என்ன கிடைத்தது என்பது அவர்களுக்குப் புத்தகச் செய்தி அல்ல.

எங்கள் உள்ளூர் கைடு கோட்டையில் தொடங்காமல் நீர்த்தேக்கத்தில் தொடங்கினார். தோலாவீரா இருக்கும் காதிர் தீவில் வற்றாத ஆறு கிடையாது. மழை பெய்தால் மட்டும் ஓடுகிற மன்சர், மன்ஹர் என்ற இரண்டு ஓடைகளை அணை போட்டுத் திருப்பி, ஊரின் இயல்பான சரிவைப் பயன்படுத்தித் தேக்கம் தேக்கமாக இறக்கியிருக்கிறார்கள். கிழக்குத் தேக்கம் 73 மீட்டர் நீளம், 29 மீட்டர் அகலம், 10 மீட்டர் ஆழம். இறங்கப் படிகள் உண்டு. தண்ணீருக்காக ஊரை மாற்றிய அஜ்ரக்பூர்க்காரர்களோடு பேசிவிட்டு வந்ததால், அந்தப் பள்ளத்தை யாரும் எங்களுக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை. கோட்டைக்குள் ஒரு கிணறு. அதன் கல்லில் கயிறு உரசிய தடம். மெருகேற்றிய தூண் பாகங்களைப் பார்த்ததும் கூட வந்த ஒருவர் நிரோனாவின் கடைசல்காரரை நினைவுபடுத்தினார்: இதற்கு எத்தனை நாள் ஆகியிருக்கும், யார் கூலி கொடுத்திருப்பார்கள்? அதுதான் சரியான கேள்வி. முதல் நாளே வந்திருந்தால் எங்களில் ஒருவருக்கும் அது தோன்றியிருக்காது.

வடக்கு வாசலை ஒட்டிய அறையில்தான் பத்து பெரிய எழுத்துகள் கொண்ட பலகை கிடந்தது. மரத்தில் ஜிப்சம் துண்டுகளைப் பதித்தது. மரம் மக்கிப்போய் எழுத்து மட்டும் எஞ்சியது. அது கிடந்த இடத்தைத்தான் காட்டுகிறார்கள். தமிழ்நாட்டிலிருந்து வருகிறோம் என்றதும் கைடு எங்களைக் கேள்வி கேட்கத் தொடங்கிவிட்டார். ஐராவதம் மகாதேவன் 1977-இல் வெளியிட்ட சிந்து எழுத்துத் தொகுப்பைப் பற்றியும், எழுத்தைப் படித்துக் காட்டுகிறவருக்கு 10 லட்சம் டாலர் என்று 2025 ஜனவரியில் தமிழக முதல்வர் அறிவித்ததைப் பற்றியும் எங்களுக்குத் தெரிந்ததைச் சொன்னோம். போகும் முன் இதைக் கொஞ்சம் படித்துக்கொண்டு போவது நல்லது.

இடிபாட்டில் நிழல் கிடையாது. மாலை வந்து அருங்காட்சியகத்தைப் பார்த்து, இரவு தங்கி, காலையில் வெயில் ஏறும் முன் நகரத்தைச் சுற்றுவதே சரி. முழங்கால் வலி உள்ளவர்கள் தேக்கத்தின் விளிம்பில் நின்றே பார்க்கலாம், இறங்காவிட்டால் நஷ்டமில்லை. கம்பு ரொட்டி, பூண்டுச் சட்னி, வெல்லம், மோர் என்று சாப்பாடு எளிமையாக இருக்கும். சோறு இல்லாமல் முடியாது என்பவர்கள் கிச்சடி சொல்லிவையுங்கள்.

முன்பணம் கொடுக்கும் முன்

நிறுவனத்திடம் நான்கு கேள்வி கேளுங்கள். தோலாவீராவில் இரவு தங்குகிறோமா? உள்ளூர் கைடின் கட்டணம் இதில் அடக்கமா? எந்தெந்தப் பட்டறை, வேலை நடக்கிற நேரத்திலா? வழியில் எத்தனை கடையில் நிற்போம்? கடைசிக் கேள்விக்கு வருகிற பதிலை வைத்தே அந்தப் பயணம் எப்படி இருக்கும் என்று தெரிந்துவிடும்.

நாள் குறைவு என்றால் எதைக் குறைப்பது? என்னைக் கேட்டால் ரண்ணைத்தான். அடையாள அட்டையைக் காட்டி அனுமதிச் சீட்டு வாங்கி, ஒரு மாலையில் அதைப் பார்த்துவிடலாம். ஒரு பட்டறைக்கு முழுக் காலை வேண்டும். தோலாவீராவுக்கு ஒரு மாலையும் மறுநாள் காலையும் வேண்டும். இந்தக் கணக்குக்கு ஒத்துவராத பேக்கேஜ் எவ்வளவு மலிவாக இருந்தாலும் நான் எடுக்கமாட்டேன்.