ஆற்றில் இட்டுக் குளத்தில் தேடிய பொன்

கொழும்பு புறக்கோட்டையிலுள்ள செட்டியார் தெருவில் நகைக்கடைகளும் கதிரேசப் பெருமானின் ஆலயங்களும் ஒரே வீதியில் அமைந்துள்ளன. பொன் என்றால் உரைகல்லில் உரைத்து மாற்றுப் பார்ப்பது உலக வழக்கம். இறைவன் கொடுத்த பொன்னையே உரைத்துப் பார்த்த அடியார் ஒருவரும் உண்டு. அவரே தம்பிரான் தோழராகிய சுந்தரமூர்த்தி நாயனார். 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் அருளிய பெரியபுராணம் இவ்வரலாற்றைச் சுவையாகக் கூறுகின்றது.

இன்று விருத்தாசலம் எனப்படும் திருமுதுகுன்றத்தில் சுந்தரர் பாடிப் பணிந்தார். எம்பெருமான் 12,000 பொன் கொடுத்தருளினார். "இப்பொன் திருவாரூரார் வியக்க அங்கே வந்து சேர வேண்டும்" என்றார் சுந்தரர். "மணிமுத்தாற்றில் இட்டு, ஆரூர்க் குளத்தில் எடுத்துக்கொள்" என்பது இறைவன் வாக்கு. சுந்தரர் மச்சமாகச் சிறிது பொன்னை வெட்டி எடுத்துக்கொண்டு, மற்றதை ஆற்றில் இட்டார்.

திருவாரூரை அடைந்து, மனைவி பரவையாரைக் கரையில் நிறுத்திவிட்டுக் குளத்தில் இறங்கித் துழாவினார். கைக்கு ஒன்றும் அகப்படவில்லை. ஆற்றில் போட்டதைக் குளத்தில் தேடுவதா என்று அம்மையார் நகைத்தார். நாயனார் பதிகம் பாடவே பொன் கிடைத்தது. மச்சத்தோடு உரைத்தால் மாற்றுக் குறைவு! தோழரல்லவா, விடவில்லை. மீண்டும் பாடினார், மாற்றும் சரியாயிற்று. கமலாலயக் கரையில் மாற்றுரைத்த விநாயகர் இன்றும் எழுந்தருளியுள்ளார்.

இவ்வளவு பொன் எதற்கு? பூட்டி வைப்பதற்கன்று. இதற்கு முன்னரும் பங்குனி உத்திரத்தில் அடியார்க்கு வழங்கப் பரவையாருக்குப் பொன் தேவைப்பட்டது. அப்போது திருப்புகலூரில், சுந்தரர் தலைக்கு வைத்துத் துயின்ற செங்கற்களே பொன்னாயின. அதற்கும் முன்னர், குண்டையூரில் மலையாய்க் குவிந்த நெல்லைப் பூதங்கள் ஓரிரவில் கொண்டுவந்து திருவாரூரில் குவித்தன. விடிந்து பார்த்தால் வீதியில் நடக்க வழியில்லை! பரவையார் அதை அளக்கவுமில்லை, களஞ்சியம் தேடவுமில்லை. அவரவர் வீட்டு எல்லைக்குள் கிடக்கும் நெல்லை அவரவரே எடுத்துக்கொள்ளலாம் என்று பறையறைவித்தார். அன்று ஊரெங்கும் மகிழ்ச்சி நிறைந்தது.

திடீரென வந்த செல்வம் ஒரே வீட்டுக்குள் அடைபட்டிருந்தால், அதைக் காக்கும் கவலையே மிஞ்சியிருக்கும். ஊரார் கைக்குப் போனதால் அது இன்பமாயிற்று. பொன்னின் மாற்றை உரைகல் காட்டும். மனத்தின் மாற்றைக் கொடுக்கும் கையே காட்டும்.