சாயம் போகும் துணி, போகாத நம்பிக்கை

பதுளை பஜாரில் புடவைக்கடை வைத்திருக்கும் எனக்குப் பழகிப்போன கேள்வி ஒன்று உண்டு. பசறைப் பக்கமிருந்து வந்தாலும் தெமோதரைப் பக்கமிருந்து வந்தாலும், தோட்டத்துப் பெண்கள் துணியை விரித்துப் பார்த்ததும் விலையை அல்ல, முதலில் இதைத்தான் கேட்பார்கள்: "சாயம் போகுமா மொதலாளி?"

2001ஆம் ஆண்டுத் தீபாவளிக்கு முன்பு, தோட்டங்களில் பண்டிகை முற்பணம் கொடுத்த வாரத்தில், சிவப்புப் பூப்போட்ட பருத்தித் துணி ஒரு கட்டு கொழும்பிலிருந்து கொண்டுவந்திருந்தேன். மலிவான சரக்கு. மொத்த வியாபாரி "சாயம் நிற்கும்" என்றார். நானும் பரீட்சித்துப் பார்க்காமல் அதையே வாடிக்கையாளரிடம் சொன்னேன். ஒரே தோட்டத்தில் பதினான்கு குடும்பங்கள் வாங்கின.

பண்டிகை முடிந்து ஒரு தாய் வந்தார். மகளுக்குத் தைத்த பாவாடையையும் மகனின் பாடசாலைச் சட்டையையும் மேசைமேல் வைத்தார். ஒன்றாக ஊறவைத்ததில் வெள்ளைச் சட்டை ரோஸ் நிறமாகியிருந்தது. "நீங்க சொன்னதுனாலதானே எடுத்தேன்" என்றார். வேறெதுவும் சொல்லவில்லை. பணத்தைத் திருப்பிக் கொடுத்தேன், சட்டைத் துணியும் கொடுத்தேன். ஆனால் அந்த லயத்து ஆட்கள் ஒரு வருடத்துக்கு மேலாக என் கடைப்படி ஏறவில்லை. கட்டில் கிடைத்த இலாபத்தைவிட அந்த நட்டம் பெரிது.

அதன் பிறகுதான் சாயத்தின் வரலாற்றைத் தேடிப் படித்தேன். நம்மைப் போன்ற வியாபாரிகளுக்கு அதில் பாடம் இருக்கிறது.

சாயம் நின்றதால் வென்ற துணி

17ஆம் நூற்றாண்டில் ஐரோப்பியக் கம்பெனிகள் சோழமண்டலக் கரையிலிருந்தும் குஜராத்திலிருந்தும் பருத்தித் துணிகளைக் கப்பல் கப்பலாக ஏற்றிச் சென்றன. கம்பளியும் லினனும் உடுத்த மக்களுக்கு அந்தத் துணி அதிசயமாக இருந்தது. காரணம் பூ வேலைப்பாடு மட்டுமல்ல, கழுவக் கழுவ நிறம் நின்றதுதான்.

பருத்தி நூல் சாயத்தை இலகுவில் பிடித்துக்கொள்ளாது. நம் பக்கத்துச் சாயக்காரர்கள் துணியைப் படிகாரத்தில் பதப்படுத்தி, பிறகு சாயவேரில் முக்கினார்கள். படிகாரம் நிறத்தை நூலோடு கட்டிவிடும். இந்தச் சாயவேர் மன்னாரிலும் யாழ்ப்பாணத்திலும் கிடைத்தது. ஒல்லாந்தர் அதைத் தோண்டும் உரிமையைத் தம் கையில் வைத்து வருமானம் பார்த்தார்கள்.

இந்தத் துணியோடு போட்டிபோட முடியாத உள்ளூர் நெசவாளர்கள் ஐரோப்பாவில் கூச்சல் போட்டார்கள். பிரான்ஸ் 1686இல் தடை விதித்தது. இங்கிலாந்து 1700இல் ஒரு சட்டமும் 1721இல் அதைவிடக் கடுமையான சட்டமும் கொண்டுவந்தது. பிரெஞ்சுத் தடை 1759 வரையும் ஆங்கிலத் தடை 1774 வரையும் நீடித்தன. அந்தக் காலத்துக்குள் அவர்களே பருத்தியில் அச்சிடக் கற்றுக்கொண்டார்கள்.

சாயம் போனதால் விலைபோன துணி

இதற்கு நேர்மாறான கதையும் உண்டு. 1958இல் வில்லியம் ஜேக்கப்சன் என்ற அமெரிக்க இறக்குமதியாளர் இந்தியாவுக்கு வந்தார். கப்டன் சி.பி. கிருஷ்ணன் நாயரிடம் கைத்தறிக் கட்டம்போட்ட 'மெட்ராஸ்' துணியைக் கண்டு, யார் ஒரு டொலர் வீதம் 10,000 யார் வாங்கினார். அது சாயம் கசியும் துணி, குளிர்ந்த நீரில் மெதுவாகக் கழுவ வேண்டும் என்று நாயர் எச்சரித்திருந்தார். துணி நியூயோர்க்கின் புரூக்ஸ் பிரதர்ஸ் கடைக்குப் போனது, எச்சரிக்கை போகவில்லை. வாங்கியவர்களின் சட்டைகளில் நிறம் ஒன்றோடொன்று கலந்துவிட, முறைப்பாடுகள் குவிந்தன.

பிறகு விளம்பர நிபுணர் டேவிட் ஒகில்வியின் ஆட்கள் வேறொரு வழி கண்டார்கள். இது கைத்தறித் துணி, இதன் சாயம் கசிவது நிச்சயம், ஒவ்வொரு கழுவலிலும் புதிய அழகு வரும் என்று வெளிப்படையாகச் சொன்னார்கள். 1960களில் அமெரிக்க இளைஞர்கள் அதையே தேடி வாங்கினார்கள்.

துணி மாறவில்லை. மறைத்தபோது குறையாக இருந்தது, சொன்னபோது குணமாக மாறியது. இதைப் படித்தபோது எனக்கு அந்தத் தாயின் முகம்தான் ஞாபகம் வந்தது. "முதல் இரண்டு தடவை தனியாகக் கழுவுங்கள் அம்மா" என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், அந்தச் சட்டை தப்பியிருக்கும்.

பெயரை விட்டுவிடாதீர்கள்

நாம் விற்கும் சரக்கின் பிறப்பும் நமக்குத் தெரிந்திருக்க வேண்டும். தினமும் நாம் உடுக்கும் சாரம் மலாய் மொழி தந்த பெயர். கட்டம்போட்ட பலேக்காட் சாரத்தின் பெயர் சென்னைக்கு வடக்கேயுள்ள பழவேற்காடு துறைமுகத்திலிருந்து வந்தது. மலாயர்கள் அதை 'பெலிகாட்' என்கிறார்கள். அதே கட்டத்துணியை நைஜீரியாவின் கலபாரி மக்கள் 'இஞ்சிரி' என்று போற்றுகிறார்கள்.

சேலைக் கரையில் நாம் காட்டும் மாங்காய் டிசைனைப் பாருங்கள். அது காஷ்மீர்ச் சால்வையில் பேர்பெற்றது. ஸ்கொட்லாந்தின் பேய்ஸ்லி நகரம் 19ஆம் நூற்றாண்டில் அதைப் பார்த்துத் தறியில் நெய்து விற்றது. இன்று உலகம் அதை 'பேய்ஸ்லி' என்றே அழைக்கிறது. சரக்கு நம்முடையது, பெயர் அவர்களுடையது! தன் சரக்கைப் பற்றிப் பேசத் தெரியாத வியாபாரிக்கும் இதுதான் கதி.

நான் கடைப்பிடிப்பவை

ஒன்று: கட்டை வாங்குமுன், ஈரமான வெள்ளைத் துணியால் ஓரத்தை அழுத்தித் தேய்த்துப் பார்க்கிறேன். நிறம் ஒட்டினால் அது கசியும் சரக்கு.

இரண்டு: கசியும் சரக்கை விற்பதானால், பில் போடுமுன் அதைச் சொல்லிவிடுகிறேன். கழுவும் முறையைப் பில்லின் பின்பக்கம் தமிழிலும் சிங்களத்திலும் எழுதிக் கொடுக்கிறேன்.

மூன்று: எனக்குத் தெரியாவிட்டால், "தெரியாது, தனியாகக் கழுவிப் பாருங்கள்" என்று சொல்கிறேன். மொத்த வியாபாரியின் வாக்கை என் வாக்காகச் சொல்வதில்லை.

இதனால் சில விற்பனை தவறிப்போனது உண்மை. ஆனால் கொழுந்து பறித்துச் சேர்த்த பணத்தோடு வருபவர் நம் சொல்லை நம்பித்தான் மடியை அவிழ்க்கிறார். குறையை மறைத்து எடுக்கும் காசில் பரக்கத் ஏது?

அடுத்த பண்டிகைச் சரக்கெடுக்கப் புறக்கோட்டைக்குப் போகும்போது, சட்டைப்பையில் ஒரு வெள்ளைக் கைக்குட்டையையும் மறக்காமல் எடுத்துச் செல்லுங்கள்.